கதவுக்கு வெளியே நின்ற மாணவர்!

டெல்லியில் உள்ள பழைய நாடாளுமன்றக் கட்டடத்தைப் படத்தில் பார்த்திருப்பீர்கள். வட்ட வடிவம். சுற்றிலும் 144 தூண்கள். உள்ளே இருக்கும் நடைபாதையும் வட்டம்தான். நடந்துகொண்டே இருந்தால் புறப்பட்ட இடத்துக்கே வந்துவிடுவீர்கள்!

ஒரு நாள் அந்த நடைபாதையில் ஓர் இளைஞர் போய்க்கொண்டிருந்தார். லண்டனில் படிப்பை முடித்து, 1948-ல் நாடு திரும்பியவர். பிரதமர் நேருவைச் சந்தித்துச் சில நிமிடங்கள் பேசிவிட்டு, விடைபெறும்போது ஒரு கடிதத்தை அவர் கையில் கொடுத்துவிட்டு வெளியே வந்திருந்தார். பாதி வட்டம் நடந்திருப்பார். பின்னால் யாரோ கைதட்டும் சத்தம்!

திரும்பிப் பார்த்தால்... நேரு! திரும்பி வரும்படி சைகை காட்டுகிறார்.

"இதை ஏன் முன்பே கொடுக்கவில்லை?" என்று கேட்டார் நேரு.

"மன்னிக்க வேண்டும் ஐயா. போகும்போது கொடுத்தால் போதும் என்று நினைத்தேன்" என்றார் இளைஞர்.

அது என்ன கடிதம் தெரியுமா? லண்டனில் அவருக்குப் பாடம் நடத்திய பேராசிரியர் ஹெரால்டு லாஸ்கி எழுதிய அறிமுகக் கடிதம். உலகமே மதித்த அறிஞர் அவர். கடிதத்தைப் படித்த நேரு, இன்னும் சில கேள்விகள் கேட்டார். மீண்டும் வந்து பார்க்கச் சொன்னார். விரைவிலேயே அந்த இளைஞர் இந்திய வெளியுறவுப் பணியில் சேர்ந்துவிட்டார். பின்னாளில் அவரே சொன்ன நிகழ்ச்சி இது.

அந்த இளைஞர்தான் கோச்செரில் ராமன் நாராயணன். சுருக்கமாக, கே.ஆர்.நாராயணன். அதிகாரியாக இருந்து, மக்களவை உறுப்பினராகி, நாட்டின் குடியரசுத் தலைவராகவே உயர்ந்தவர். அன்று நடந்த அதே வட்ட நடைபாதைக்கு அவர் எப்படி எப்படியெல்லாம் திரும்பி வந்தார் என்று பார்ப்போமா, குட்டீஸ்?

வரப்பு வழியே ஒரு நடை

கேரளாவில், இன்றைய கோட்டயம் மாவட்டத்தில் உழவூர் என்றொரு கிராமம். அங்கே ஓர் ஓலைக்குடிசையில் பிறந்தவர் நாராயணன். அப்பா ராமன் வைத்தியர், மூலிகை மருந்து கொடுக்கும் நாட்டு வைத்தியர். அம்மா பாப்பியம்மா. ஏழு குழந்தைகளில் இவர் நான்காவது.

இவருடைய பிறந்த நாளிலேயே ஒரு வேடிக்கை உண்டு. முதல் நாள் பள்ளியில் சேர்க்க அழைத்துப்போன மாமாவுக்கு, பையனின் பிறந்த தேதி தெரியவில்லை. உத்தேசமாக ஒரு தேதியைச் சொல்லிவிட்டார். '1920, அக்டோபர் 27' என்று பதிவாகிவிட்டது. உண்மையில் பிறந்தது 1921, பிப்ரவரி 4. ஆனால், கடைசி வரை மாமா சொன்ன தேதியே அரசுப் பதிவில் நிலைத்துவிட்டது!

அவர் பள்ளியில் சேர்ந்தது 1927-ல். டெல்லியில் அந்த வட்டமான நாடாளுமன்றக் கட்டடம் திறக்கப்பட்டதும் அதே 1927-ல்தான்!

அந்தக் காலத்தில் தீண்டாமைக் கொடுமை மிக மோசமாக இருந்தது. நாராயணன் குடும்பம் தாழ்த்தப்பட்டதாக ஒதுக்கப்பட்ட சமூகத்தைச் சேர்ந்தது. இவர் மூன்று, நான்கு வயதுக் குழந்தையாக இருந்தபோதுதான், அதே வட்டாரத்தில் உள்ள வைக்கத்தில் பெரும் போராட்டம் நடந்தது. கோயிலைச் சுற்றியுள்ள தெருக்களில் எல்லோரும் நடக்க உரிமை கேட்ட போராட்டம் அது. நம் பெரியார் அங்கே போய்ச் சிறை சென்றதை வரலாற்றுப் பாடத்தில் படித்திருப்பீர்களே! தெருவில் நடப்பதற்கே போராட வேண்டியிருந்த காலத்தில், ஒரு சிறுவன் படிக்கக் கிளம்பினான்.

பள்ளிக்கூடம் பக்கத்தில் இல்லை. தினமும் சுமார் 15 கிலோமீட்டர் நடை. வயல் வரப்புகள் வழியாக, மழையிலும் வெயிலிலும் நடந்தார். அப்படி நடந்து போனாலும் வகுப்புக்குள் உட்கார முடியாத நாட்கள் உண்டு. காரணம், பள்ளிக் கட்டணம் பாக்கி. கட்டணம் கட்டாத மாணவருக்கு உள்ளே இடம் இல்லை.

நாராயணன் என்ன செய்தார்? வீட்டுக்குத் திரும்பவில்லை. வகுப்பறைக்கு வெளியே நின்றுகொண்டே பாடத்தைக் கேட்டார்.

அண்ணன் கையெழுத்தில் பாடப் புத்தகம்

கட்டணத்துக்கே வழியில்லாத வீட்டில் புத்தகத்துக்கு எங்கே போவது? இங்கேதான் இன்னொருவரை நாம் சந்திக்க வேண்டும். நாராயணனின் அண்ணன் நீலகண்டன். அவருக்கு ஆஸ்துமா. மூச்சுத் திணறலால் வீட்டோடு முடங்கிக் கிடந்தார். ஆனால், கை சும்மா இருக்கவில்லை. மற்ற மாணவர்களிடம் புத்தகங்களை இரவல் வாங்கி, பக்கம் பக்கமாகக் கையாலேயே எழுதித் தம்பிக்குக் கொடுத்தார்!

நினைத்துப் பாருங்கள். அப்போது ஜெராக்ஸ் கடையெல்லாம் கிடையாது. ஒரு பாடத்தை வீட்டுப்பாடமாக எழுதுவதற்கே நமக்குக் கை வலிக்கிறது. அவர் புத்தகங்களையே எழுதினார்.

அந்த உழைப்பு வீண்போகவில்லை. உதவித்தொகை பெற்றுக் கோட்டயம் சி.எம்.எஸ். கல்லூரியில் படித்தார் நாராயணன். அடுத்து, திருவிதாங்கூர் பல்கலைக்கழகத்தில் ஆங்கில இலக்கியம். 1943-ல் பல்கலைக்கழகத்திலேயே முதல் மாணவராகத் தேறினார்.

பிறகு சிறிது காலம் பத்திரிகையாளர் வேலை. 'தி இந்து', 'டைம்ஸ் ஆஃப் இந்தியா' ஆகிய நாளிதழ்களில் பணியாற்றினார். 1945 ஏப்ரலில், பம்பாயில் காந்தியடிகளையே பேட்டி கண்டார். அதே ஆண்டில், தொழிலதிபர் ஜே.ஆர்.டி.டாட்டாவின் உதவித்தொகையோடு லண்டனுக்குக் கப்பல் ஏறினார். அங்கேதான் லாஸ்கியிடம் அரசியல் பாடம் படித்தார். அந்தப் பேராசிரியரின் கடிதத்தோடு திரும்பியபோது நடந்ததைத்தான் முதலிலேயே பார்த்துவிட்டோம்!

நாட்டின் குரலாக...

1949-ல் வெளியுறவுப் பணியில் சேர்ந்தார் நாராயணன். வெளியுறவு அதிகாரி என்றால் என்ன வேலை? வேறொரு நாட்டில் நம் நாட்டின் சார்பாக இருந்து பேசுவது. அங்கே நடப்பதை நம் அரசுக்குத் தெரிவிப்பது. அங்கே வாழும் நம் மக்களுக்கு உதவுவது. ஒரு நாட்டில் நம் சார்பில் இருக்கும் முதன்மையான அதிகாரிதான் தூதர்.

ரங்கூன், டோக்கியோ, லண்டன், கான்பெரா, ஹனோய் என்று பல ஊர்களில் பணி. ரங்கூனில் இருந்தபோது பர்மியப் பெண்ணான மா டின்ட் டின்ட் என்பவரைச் சந்தித்தார். வெளியுறவு அதிகாரி வெளிநாட்டவரை மணக்க வேண்டுமென்றால் சிறப்பு அனுமதி தேவை. நேரு அனுமதி கொடுத்தார். 1951-ல் டெல்லியில் திருமணம் நடந்தது. மணமகள், உஷா என்று பெயர் வைத்துக்கொண்டார்.

தாய்லாந்து, துருக்கி ஆகிய நாடுகளில் தூதராக இருந்த பிறகு, 1976-ல் ஒரு கடினமான வேலை வந்தது. சீனா! 1962-ல் இந்தியாவும் சீனாவும் போரிட்டன. அந்தக் கசப்பால் சுமார் 15 ஆண்டுகள் இரு நாடுகளும் தூதர்களை அனுப்பவே இல்லை. நீண்ட இடைவெளிக்குப் பிறகு அங்கே போன முதல் இந்தியத் தூதர் நாராயணன்தான். சண்டை போட்ட இரண்டு நண்பர்களில், முதலில் போய்ப் பேச வேண்டியவருக்கு எவ்வளவு பொறுமை வேண்டும்? அதைப்போல்தான்.

1978-ல் பணி ஓய்வு. ஆனால், ஓய்வு எங்கே கிடைத்தது? டெல்லி ஜவாகர்லால் நேரு பல்கலைக்கழகத்துக்குத் துணைவேந்தர் ஆனார். 1980 முதல் 1984 வரை அமெரிக்காவுக்கான இந்தியத் தூதராக இருந்தார்.

63 வயதில் ஒரு புதுத் தேர்வு!

அந்தச் சமயத்தில்தான், பிரதமர் இந்திரா காந்தி அவரை அரசியலுக்கு வரும்படி கேட்டுக்கொண்டார். நாராயணன் சம்மதித்தார். ஆனால், தேர்தல் வருவதற்குள், 1984 அக்டோபர் 31 அன்று இந்திரா காந்தி சுட்டுக் கொல்லப்பட்டார். நாடே கலங்கியிருந்த நேரத்தில், டிசம்பரில் தேர்தல் நடந்தது. கேரளாவின் ஒற்றப்பாலம் தொகுதியில் காங்கிரஸ் வேட்பாளராக நின்றார் நாராயணன். நம் கோவையைத் தாண்டினால் வருமே பாலக்காடு, அந்த மாவட்டத்தில்தான் இருக்கிறது ஒற்றப்பாலம்.

"இவ்வளவு பெரிய அதிகாரியாக இருந்தவருக்கு எம்.பி. ஆவது ஒரு பெரிய விஷயமா?" என்று நீங்கள் கேட்கலாம். பெரிய விஷயம்தான்! இரண்டு வேலைகளுக்கும் உள்ள வித்தியாசத்தைப் பாருங்கள்.

அதிகாரியை அரசு நியமிக்கிறது. எம்.பி.யை மக்கள் தேர்ந்தெடுக்கிறார்கள்.

சட்டம் எப்படி இருக்கிறதோ, அப்படியே நடைமுறைப்படுத்துவது அதிகாரியின் வேலை. அந்தச் சட்டம் சரியா, தவறா என்று விவாதித்து, மாற்றுவதும் புதிதாக இயற்றுவதும் எம்.பி.க்களின் வேலை.

அதிகாரி தன் மேலதிகாரிக்குப் பதில் சொன்னால் போதும். எம்.பி.யோ, டீக்கடையில் நிற்பவர் கேட்டாலும், வயலில் நாற்று நடுபவர் கேட்டாலும் பதில் சொல்லித்தான் ஆக வேண்டும். பதில் பிடிக்காவிட்டால், அடுத்த தேர்தலில் வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள்!

அரசு வேலையில் இருந்துகொண்டே தேர்தலில் நிற்கவும் முடியாது. வேலையை விட்டுவிட்டுத்தான் வர வேண்டும். பல நாடுகளின் தலைவர்களோடு கைகுலுக்கியவர், 63 வயதில் கைகூப்பி ஓட்டுக் கேட்டார். மக்கள் ஓட்டுப் போட்டார்கள். வட்டமான அந்தக் கட்டடத்துக்குள், இந்த முறை மக்களின் பிரதிநிதியாக நுழைந்தார் நாராயணன்.

பிரதமர் ராஜீவ் காந்தியின் அமைச்சரவையில் திட்டத் துறை, வெளியுறவுத் துறை, அறிவியல் தொழில்நுட்பத் துறை ஆகியவற்றில் இணை அமைச்சராக இருந்தார். அப்போது ஒரு முக்கியமான பிரச்னை வந்தது. காப்புரிமை! ஒரு பொருளைப் புதிதாகக் கண்டுபிடித்தவர் அனுமதி இல்லாமல், மற்றவர் அதைச் செய்து விற்கக்கூடாது என்பதுதான் காப்புரிமை.

1970-ல் நம் நாடு இயற்றிய சட்டம், மருந்துக்குக் காப்புரிமை தரவில்லை. மருந்தைச் செய்யும் முறைக்கு மட்டுமே தந்தது. அதனால், வேறு முறையில் அதே மருந்தை நம் நிறுவனங்கள் மலிவாகத் தயாரிக்க முடிந்தது. இந்தச் சட்டத்தைக் கடுமையாக்கும்படி வெளிநாடுகள் நெருக்கின. நாராயணன் அந்த நெருக்குதலை எதிர்த்து நின்றார். டெல்லியில் எழுதப்படும் ஒரு சட்டம், நம் தெரு மருந்துக்கடையில் மாத்திரையின் விலையையே மாற்றிவிடும். பார்த்தீர்களா?

1989 தேர்தலில் நாராயணன் ஜெயித்தார். ஆனால், அவர் கட்சி ஆட்சியை இழந்தது. எதிர்க்கட்சி வரிசையில் உட்கார்ந்தார். 1991-ல் மூன்றாவது முறையும் ஜெயித்தார். கட்சி ஆட்சிக்கு வந்தது. ஆனால், இவருக்கு அமைச்சர் பதவி கிடைக்கவில்லை. சாதாரண உறுப்பினராக அவைக்குப் போய்வந்தார். பதவி வரும், போகும். தேர்ந்தெடுத்த மக்களுக்கான வேலை மட்டும் அப்படியே இருக்கும்.

ஒரே ஒரு ஓட்டு!

1992 ஆகஸ்டில் குடியரசுத் துணைத் தலைவர் தேர்தல். ஆளுங்கட்சி, எதிர்க்கட்சிகள் என்று பலரும் நாராயணனை ஆதரித்தார்கள். செல்லுபடியான ஓட்டுகள் 701. நாராயணனுக்குக் கிடைத்தவை 700! எதிர்த்து நின்றவருக்கு ஒன்றே ஒன்று. தேர்தல் என்று எது வந்தாலும் நிற்பதில் பேர் போன காகா ஜோகிந்தர் சிங் என்பவர்தான் அவர்.

குடியரசுத் துணைத் தலைவர்தான் மாநிலங்களவையின் தலைவரும்கூட. அதாவது, கிரிக்கெட்டில் நடுவர் மாதிரி. தான் எந்தப் பக்கமும் சேராமல், எல்லாருக்கும் பேச வாய்ப்புக் கொடுத்து அவையை நடத்த வேண்டும். ஐந்து ஆண்டுகள் அந்தப் பணி.

1997-ல் குடியரசுத் தலைவர் தேர்தல். இந்த முறை போட்டியாளர் யார் தெரியுமா? டி.என்.சேஷன்! தலைமைத் தேர்தல் ஆணையராக இருந்து, கட்சிகளையெல்லாம் விதிமுறைகளுக்குக் கட்டுப்பட வைத்தவர். இவரும் அதிகாரி, அவரும் அதிகாரி. சுமார் 95 சதவீத வாக்குகள் பெற்று நாராயணன் வென்றார்.

1997 ஜூலை 25. நாடாளுமன்ற மைய மண்டபத்தில் பதவியேற்பு. தலித் சமூகத்தில் இருந்து இந்தியாவின் குடியரசுத் தலைவரான முதல் மனிதர் அவர். அடுத்த மாதமே நாடு தன் சுதந்திரப் பொன்விழாவைக் கொண்டாடியது. கட்டணம் கட்டாததால் வகுப்புக்கு வெளியே நின்ற பையனுக்கு, இப்போது குடியரசுத் தலைவர் மாளிகையே திறந்திருந்தது.

திரும்பி வந்த கோப்பு

குடியரசுத் தலைவர் என்றால் அமைச்சரவை அனுப்பும் தாளில் கையெழுத்துப் போடுபவர் மட்டும்தானா? இல்லை என்று காட்டினார் நாராயணன்.

1997 அக்டோபர். உத்தரப் பிரதேச சட்டமன்றத்தில் நம்பிக்கை வாக்கெடுப்பு. 'முதல்வருக்குப் போதுமான உறுப்பினர்களின் ஆதரவு இருக்கிறதா?' என்று சோதிப்பதுதான் அது. அன்று அவையில் ஒரே ரகளை. மைக்குகளைப் பிடுங்கி ஒருவரை ஒருவர் அடித்துக்கொண்டார்கள்! ஆனாலும், வாக்கெடுப்பில் முதல்வர் கல்யாண் சிங் வென்றார். அந்த ஆட்சியைக் கலைத்துவிடலாம் என்று மத்திய அமைச்சரவை பரிந்துரைத்தது. கோப்பு, நாராயணனின் மேஜைக்கு வந்தது.

அமைச்சரவையின் ஆலோசனையை ஒருமுறை திருப்பி அனுப்பி, 'மறுபடி யோசியுங்கள்' என்று சொல்ல அரசமைப்புச் சட்டம் குடியரசுத் தலைவருக்கு உரிமை தருகிறது. மீண்டும் அதையே அனுப்பினால், அவர் ஏற்றுக்கொண்டுதான் ஆக வேண்டும். நாராயணன் அந்த உரிமையைப் பயன்படுத்தினார். கோப்பு திரும்பிப் போனது. அமைச்சரவை யோசித்தது, அந்த எண்ணத்தையே கைவிட்டது.

அடுத்த ஆண்டு டெல்லியில் வேறு கட்சியின் ஆட்சி. இந்த முறை பீகார் அரசைக் கலைக்கப் பரிந்துரை வந்தது. அதையும் திருப்பி அனுப்பினார்! எந்தக் கட்சி அனுப்பியது என்று பார்க்கவில்லை. மக்கள் தேர்ந்தெடுத்த ஓர் அரசை எளிதில் கலைத்துவிடக்கூடாது என்பதைத்தான் பார்த்தார். தெருத்தெருவாக ஓட்டுக் கேட்டவருக்குத்தானே ஓட்டின் மதிப்பு தெரியும்!

2000-மாவது ஆண்டு ஜனவரியில், குடியரசின் பொன்விழா மைய மண்டபத்தில் நடந்தது. 'அரசமைப்புச் சட்டத்தை மாற்றலாமா?' என்ற பேச்சு அப்போது பலமாக அடிபட்டது. அந்த விழாவில் நாராயணன் ஒரு கேள்வி கேட்டார். அரசமைப்புச் சட்டம் நம்மைக் கைவிட்டுவிட்டதா, இல்லை, நாம்தான் அதைக் கைவிட்டோமா என்பதை முதலில் யோசிக்க வேண்டும் என்றார். இன்றும் பலர் நினைவுகூரும் பேச்சு அது.

வரிசையில் நின்றவர்

இன்னும் ஒரு நிகழ்ச்சி மிச்சமிருக்கிறது.

1998 பிப்ரவரி 16, மக்களவைத் தேர்தல் நாள். அதுவரை, பதவியில் இருக்கும் குடியரசுத் தலைவர்கள் பொதுத்தேர்தலில் ஓட்டுப் போடுவதில்லை. எந்தக் கட்சியையும் சாராதவர் ஓட்டுப் போடாமல் இருப்பதே நல்லது என்று நினைத்தார்கள். நாராயணன் அப்படி நினைக்கவில்லை. 'நானும் இந்த நாட்டின் குடிமகன்தானே!' என்பது அவர் எண்ணம்.

குடியரசுத் தலைவர் மாளிகை வளாகத்திலேயே உள்ள ஒரு பள்ளிக்கூடத்தில் வாக்குச்சாவடி. நாராயணன் அங்கே போனார். மற்றவர்களைப் போலவே வரிசையில் நின்றார். தன் முறை வந்ததும் ஓட்டுப் போட்டார். பதவியில் இருந்துகொண்டே பொதுத்தேர்தலில் ஓட்டுப் போட்ட முதல் குடியரசுத் தலைவர் அவர்தான்.

ஒரு காலத்தில் கையில் காசில்லாததால் பள்ளிக்கூடக் கதவுக்கு வெளியே நிற்க வைக்கப்பட்டவர். அன்று இன்னொரு பள்ளிக்கூடத்தின் முன்னால், தானே விரும்பி வரிசையில் நின்றார். முதலாவது, ஒருவரைக் கீழே தள்ளும் நிற்றல். இரண்டாவது, எல்லோரையும் சமமாக்கும் நிற்றல். இரண்டையும் நின்று பார்த்தவர் அவர்.

2002 ஜூலையில் நாராயணன் பதவிக்காலம் முடிந்தது. அவருக்குப் பிறகு அந்தப் பொறுப்புக்கு வந்தவர் யார் தெரியுமா? நம் ராமேசுவரம் அப்துல் கலாம்! 2005 நவம்பர் 9 அன்று நாராயணன் டெல்லியில் காலமானார். வட்டமான அந்த நாடாளுமன்றக் கட்டடமும் இப்போது ஓய்வில் இருக்கிறது. 2023-ல் பக்கத்திலேயே புதிய கட்டடம் திறக்கப்பட்டுவிட்டது.

அடுத்த தேர்தலில் அப்பா, அம்மா ஓட்டுப் போடக் கிளம்பும்போது, நீங்களும் கூடவே வாக்குச்சாவடி வாசல் வரை போய்ப் பாருங்கள். பெரும்பாலும் அது ஒரு பள்ளிக்கூடமாகத்தான் இருக்கும். உங்கள் பள்ளியாகக்கூட இருக்கலாம்! அங்கே நிற்கும் வரிசையில் பணக்காரர் யார், ஏழை யார் என்று வரிசைக்குத் தெரியாது. நாராயணன் நின்றதும் அப்படியொரு வரிசையில்தான்.

எத்தனை வயதில் என்ன செய்யலாம்?

* ஓட்டுப் போட: 18 வயது.
* மக்களவை உறுப்பினர் ஆக: 25 வயது.
* மாநிலங்களவை உறுப்பினர் ஆக: 30 வயது.
* குடியரசுத் தலைவர், குடியரசுத் துணைத் தலைவர் ஆக: 35 வயது.
* வகுப்பில் கை தூக்கிக் கேள்வி கேட்க: வயது வரம்பு இல்லை. நாளைக்கே ஆரம்பிக்கலாம்!